வெள்ளிக்கிழமை மீன்

என் கணவர் ஒசாகாவில் ஒரு ஜப்பான்காரியுடன் மூன்று மணி நேரம் கதைத்தார். என்னோடு மூன்று மாதத்தில் கதைப்பதை எல்லாம் கூட்டினாலும் அவ்வளவு வராது.

பொறாமைப்பட்டேன் என்று சொல்ல எனக்கு வெட்கமில்லை. அவள் இளம் பெண்ணாக, அழகியாக இருந்திருந்தால்கூட மனதைத் தேற்றியிருப்பேன். அவளுக்கு என் வயதுதான் இருக்கும், ஐம்பதைத் தாண்டியவள். கட்டையாக வெட்டிய நரைமுடி, தட்டையான சப்பாத்து, கையில் ஒரு மஞ்சள் கொடி. சாப்பாட்டுக் கடைகளைச் சுற்றிக் காட்டுவது அவள் தொழில். சின்ன வயதில், நாங்கள் இருக்கிற சுவிஸில், பேர்ண் பக்கத்தில் ஒரு பேக்கரியில் நாலு வருடம் வேலை செய்தவளாம், ஜெர்மன் நன்றாகப் பேசினாள். அதனால்தான் எங்கள் மகள் அவளைத் தேடிப் பிடித்திருக்கிறாள்.

மகள் ஓர்லிகோனில் இருக்கிறாள். எங்கள் கல்யாணத்துக்கு இருபத்தைந்து வருடம் ஆனதற்காக விமானச் சீட்டு, ஹோட்டல், இந்தச் சாப்பாட்டுச் சுற்று எல்லாவற்றையும் அவளே ஒழுங்கு செய்து ஒரு கவரில் போட்டுத் தந்தாள். சந்தோசத்தில் நான் அழுதேன். இவர் "ஓம், நல்லது" என்றார். வீட்டில் இவருடைய பேச்சு "ஓம்", "ம்", "பிறகு பாப்பம்" என்ற மூன்றுக்குள் அடங்கிவிடும். எம்மன்புரூக்கேயில் தொழிற்சாலை வேலை முடித்து வந்து சாப்பிடுவார், செய்தி பார்ப்பார், படுப்பார். கெட்ட மனிசன் இல்லை. கதைக்காத மனிசன்.

ஒசாகாவில் இறங்கிய பிறகுதான் அந்தத் தாளை ஒழுங்காகப் பார்த்தேன். சுற்று வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு.

மகளைக் குற்றம் சொல்ல முடியாது. சுவிஸில் பிறந்தவளுக்கு வெள்ளி என்றால் வேலை முடிகிற நாள், அவ்வளவுதான். எங்களுக்கு அது மீன், இறைச்சி என்று எந்த மச்சமும் வீட்டுக்குள் வராத நாள். வழமையாக எல்லாரும் பிடிக்கிற விரதம் மாதிரி அல்ல இது. மகள் கைக்குழந்தையாக இருந்தபோது எங்கள் அகதி விண்ணப்பத்துக்கு நெகட்டிவ் வந்தது. கடிதத்தை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு கோயிலுக்குப் போய் அம்மனிடம் நேர்த்தி வைத்தேன். இந்த நாட்டில் எங்களை இருக்க விட்டால் சாகும் வரைக்கும் இரண்டு பேரும் வெள்ளிக்கிழமை சைவம் என்று. வீட்டுக்கு வந்து சொன்னபோது, அந்தக் கதைக்காத மனிசன் வாய் திறந்து ஒரு வசனம் சேர்த்தார்.

"தின்னுறது மட்டுமில்லை, கையாலை தொடவும் கூடாது."

மேன்முறையீடு வென்றது. முதலில் தங்கியிருக்க விடுகிற பி பெர்மிட் வந்தது, பிறகு நிரந்தரமாக இருக்க விடுகிற சி, பிறகு சிவப்பு நிற சுவிஸ் பாஸ்போர்ட். ஒவ்வொன்றும் வரும்போது நான் எங்கள் வெள்ளிக்கிழமைகளைத்தான் நினைத்துக்கொள்வேன்.

இந்த இடத்தில் என்னுடைய களவு ஒன்றையும் சொல்ல வேண்டும். பத்தொன்பது வருடமாக நான் ஒரு முதியோர் இல்லத்தின் சமையலறையில் வேலை செய்கிறேன். லுட்சேர்ன் பக்கம் கத்தோலிக்கர்களின் ஊர், அவர்களுக்கு வெள்ளி என்றால் மீன். மாவில் தோய்த்துப் பொரித்த சின்னச் சின்ன மீன் துண்டுகள், குனுஸ்பர்லி என்பார்கள், தார்தார் என்ற புளிப்புச் சோஸோடு மேசைக்குப் போகும். அவற்றைப் பொரிப்பது நான். கையுறை போட்டுத்தான் தொடுவேன். ருசி பார்க்க மாட்டேன், பக்கத்தில் நிற்கும் போர்த்துக்கீசத் தோழிதான் ஒரு துண்டைக் கடித்து உப்புச் சொல்லுவாள். வேலை முடிந்து வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாகத் தலை முழுகிவிட்டு விளக்கேற்றுவேன். இவரிடம் சொன்னதில்லை. சொன்னால் வேலையை விடு என்பார் என்று பயம். நான் சலாத்துக்கு இலையும் காய்கறியும் வெட்டுகிறேன் என்று இவர் நினைத்துக்கொண்டிருந்தார்.

சரி, ஒசாகாவுக்கு வருவோம். கூரை போட்ட நீளமான சந்தை. நாங்கள் இருவர், தூண் (Thun) பக்கத்திலிருந்து வந்த ஒரு வயதான சுவிஸ் தம்பதி, முன்னால் மஞ்சள் கொடி. முதல் கடையிலேயே கணவாய்க்கு அண்ணன் முறையான எண்காலியை வெட்டி உள்ளே வைத்து, பணியாரம் மாதிரிச் சுட்டுக்கொண்டிருந்தார்கள். மேலே காய்ந்த மீனைச் சீவித் தூவினார்கள். அந்த வாசம் அப்படியே எங்கள் மாசிக் கருவாடு. எனக்கு வாய் ஊறியது. வெள்ளிக்கிழமையில் வாய் ஊறியதற்கு மனதுக்குள் ஒரு மன்னிப்பும் கேட்டுக்கொண்டேன்.

திரும்பிப் பார்த்தால் இவர் ஒன்றை வாயில் போட்டுவிட்டு, சூடு தாங்காமல் ஆ ஆ என்று ஊதிக்கொண்டு நிற்கிறார். அவள் சிரிக்கிறாள். இவரும் சிரிக்கிறார்.

"என்ன இது? இண்டைக்கு வெள்ளியெல்லோ?" என்றேன்.

"பிரயாணத்திலை பாவமில்லை," என்றார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

அதன் பிறகு இவரைப் பிடிக்க முடியவில்லை. சிப்பி சுட்டது, விலாங்கு சுட்டது, முட்டையைச் சுருட்டிப் பொரித்தது. ஒவ்வொன்றும் எப்படிச் செய்வது, எத்தனை மணிக்குக் கடை திறப்பார்கள், இந்தக் கத்தி எங்கே வாங்கினது என்று கேள்வி மேல் கேள்வி. இவ்வளவு ஜெர்மன் இவருக்குத் தெரியும் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். அவள் காசு கொடுக்க உள்ளே போனால் மஞ்சள் கொடியை இவர் பிடித்துக்கொண்டு நின்றார். கோயில் திருவிழாவில்கூட ஒரு குடையைப் பிடிக்காத மனிசன்.

அவள் என்னையும் கவனிக்காமல் இல்லை, அதையும் சொல்லத்தான் வேண்டும். நான் மீன் சாப்பிட மாட்டேன் என்று அறிந்ததும் ஒவ்வொரு கடையிலும் விசாரித்துவிட்டு வந்து, "மன்னிக்கவும், இதிலும் மீன் தண்ணீர் இருக்கிறது" என்பாள். சூப்பில், சோஸில், முட்டையில், எல்லாவற்றிலும் அந்தக் காய்ந்த மீனைக் காய்ச்சிய தண்ணீர். அவளுடைய நேர்மையும் எனக்கு எரிச்சலாக இருந்தது. கடைசியில் எனக்குக் கிடைத்தது ஒரு ஊறுகாய்க் கத்தரிக்காயும், இனிப்புப் பயறு வைத்த மாவுருண்டையும். அதைக் கடித்துக்கொண்டு இரண்டு பேருடைய முதுகையும் பார்த்தபடி நடந்தேன். ஐந்தடி பின்னால்.

அப்பம் கேட்ட பிள்ளைக்கு மற்றப் பிள்ளை தின்பதைப் பார்த்தால் வருமே ஒரு எரிச்சல், அதுதான். எதைக் கண்டு அதிகம் எரிந்தேன் என்று அப்போது கேட்டிருந்தால் சொல்லத் தெரிந்திராது. சிப்பியா, சிரிப்பா?

கடைசிக் கடை, குச்சியில் குத்திப் பொரித்துத் தருகிற கடை. சுற்றிவர நின்றுகொண்டே சாப்பிட வேண்டும். பொரிப்பவர் என் தொழில்காரர், அதனால் அவரையே பார்த்துக்கொண்டு நின்றேன். நல்ல கைக்காரர். எண்ணெயில் குமிழி சிறுத்துச் சத்தம் மெலிகிற நேரம் பார்த்துச் சரியாக எடுத்தார். தாமரைக் கிழங்குக் குச்சி இருந்தது. ஆனால் மீன் பொரித்த அதே எண்ணெய். வேண்டாம் என்றேன்.

இவர் மீன் குச்சியைச் சோஸில் தோய்த்துக் கடித்தார். அவள் சும்மா ஒரு கதைக்காகக் கேட்டாள், வீட்டில் நீங்கள் நிறைய மீன் சாப்பிடுவீர்களா என்று.

"ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும்!" என்றார் இவர், ஜெர்மனில், வாய் நிறையச் சிரிப்போடு. "வேலையிடத்துக் கன்டீனில். குனுஸ்பர்லி, தார்தார் சோஸ். பதினைந்து வருடமாக ஒரு வெள்ளியும் தவறவிட்டதில்லை."

தூண்காரர்கள் இருவரும், எங்கள் பக்கமும் அப்படித்தான் என்று தலையாட்டினார்கள்.

நான் பக்கத்தில் நிற்கிறேன் என்பதை மறந்துவிட்டார். எனக்கும் ஜெர்மன் விளங்கும் என்பதை மறந்துவிட்டார். என்னையே மறந்துவிட்டார் என்றுதான் சொல்ல வேண்டும். கையுறை போட்டுத் தொட்ட பாவத்துக்கு நான் பத்தொன்பது வருடம் தலை முழுகியிருக்கிறேன். இந்த மனிசன் சோஸ் தொட்டுத் தின்றிருக்கிறார். வெள்ளி பின்னேரம் வீட்டுக்கு வந்து என்னுடைய பருப்பையும் கீரையையும் சாப்பிட்டுவிட்டு, வாயைத் துடைத்து, திருநீறும் பூசியிருக்கிறார்.

அந்த நேரம் அவள் என் பக்கம் திரும்பினாள். மரியாதைக்குத்தான் கேட்டிருப்பாள்.

"நீங்கள்? வெள்ளிக்கிழமையில் நீங்கள் என்ன செய்வீர்கள்?"

"நான் அதைப் பொரிப்பேன்," என்றேன்.

இவர் குச்சியை வாய்க்குப் பக்கத்தில் பிடித்தபடி நின்றுவிட்டார். பிறகு தமிழில், மெதுவாக:

"நீர் பொரிக்கிறனீரோ? சலாத்துப் பக்கம் எண்டெல்லோ நான் நினைச்சன்."

"நினைச்சனீங்கள். ஒரு நாளாவது கேட்டனீங்களோ?"

"தொட்டுப் பொரிச்சுப்போட்டு... திண்டு பாக்கேல்லையோ?"

"இல்லை."

"ஒருக்காலும்?"

"ஒருக்காலும் இல்லை. நீங்கள்தானே தொடவும் கூடாது எண்டனீங்கள்."

அவள் கொடியைச் சுருட்டிக்கொண்டு அந்தத் தம்பதியோடு கொஞ்சம் தள்ளிப் போய் நின்றாள். கெட்டிக்காரி. இவர் குச்சியை வைத்துவிட்டுச் சொன்னார். ஒரு வெள்ளிக்கிழமை பசி தாங்காமல் சாப்பிட்டாராம். பின்னேரம் முழுக்கப் பயந்துகொண்டு வேலை செய்தாராம். அந்தக் கிழமையே சி பெர்மிட் வந்துவிட்டதாம்.

"அப்ப ஒண்டும் நடக்கேல்லை. பிறகு சொல்ல வெக்கமாய்ப் போச்சு. நீர் பிடிக்கிறீர்தானே, ரெண்டு பேருக்கும் காணும் எண்டு நினைச்சன்."

இரண்டு பேருக்கும் போதுமாம்! அந்தப் பெர்மிட்டும் பாஸ்போர்ட்டும் முழுக்க முழுக்க என் வெள்ளிக்கிழமைகளால் வந்தவை என்றால், பாதி பாஸ்போர்ட்டைத் திருப்பித் தாருங்கோ என்று கேட்க வாய் உன்னியது. கேட்கவில்லை. ஏனென்றால் மீன் அல்ல என்னைச் சுட்டது. பதினைந்து வருடம் எனக்குச் சொல்லாத ஒன்றை, காலை பத்து மணிக்குக் கண்ட பெண்ணுக்கு ஒரு மணிக்குச் சொல்லிவிட்டாரே, அதுதான். அதற்குள் இன்னொன்றும் இருந்தது, அதை ஒப்புக்கொள்ள எனக்குக் கொஞ்ச நாள் எடுத்தது. நானும் என் களவை அவளுக்குத்தான் முதலில் சொன்னேன்.

விமானத்தில் இரண்டு பேரும் பேசவில்லை. வீட்டுக்கு வந்தும் "ஓம்", "ம்" தான். ஒருமுறை மட்டும், "நேர்த்தி நான் வைச்சது, நான் விடமாட்டன். நீங்கள் உங்கடை விருப்பம்," என்றேன். அதற்கும் "ம்."

அடுத்த வெள்ளி, மதியம். இல்லத்தில் முதியவர்களுக்குச் சாப்பாடு போய்விட்டது. பணியாளர்களுக்கான மீனைப் பொரித்துக்கொண்டிருந்தேன். ஏப்ரன் பைக்குள் கைபேசி அதிர்ந்தது. வேலை நேரத்தில் இவர் எனக்கு எடுத்ததே இல்லை. மகளுக்கு ஏதோ நடந்துவிட்டது என்று நினைத்தேன். கையுறை முழுக்க மா. போர்த்துக்கீசத் தோழி கைபேசியை எடுத்து என் காதில் பிடித்தாள்.

"இஞ்சேரும்," என்றார் இவர். பின்னால் தட்டுகள் மோதும் சத்தம். "கன்டீன் வரிசையிலை நிக்கிறன். மீன்தான் போடுறாங்கள். என்ன செய்ய?"

வேண்டாம், வையுங்கோ என்று சொல்லத்தான் வாய் திறந்தேன். சொன்னால் கேட்டிருப்பார். அடுத்த வெள்ளியும் கேட்டிருப்பார், அதற்கடுத்த வெள்ளி எனக்குத் தெரியாது. என் முன்னால் எண்ணெயில் துண்டுகள் மிதந்தன. பத்தொன்பது வருடம் பார்த்திருக்கிறேன், கேட்டிருக்கிறேன், முகர்ந்திருக்கிறேன்.

"எடுங்கோ," என்றேன். "ஆனால் போனை வைக்கக் கூடாது. சாப்பிட்டுச் சாப்பிட்டு எனக்குச் சொல்லுங்கோ, எப்பிடி இருக்கெண்டு."

கதிரை இழுபடுகிற சத்தம் கேட்டது. பிறகு கடிக்கிற சத்தம். மேல் மா மொறுமொறு என்றுதான் இருக்கிறது என்றார். உள்ளே கொஞ்சம் காய்ந்துபோயிருக்காம், கூட நேரம் எண்ணெயில் விட்டிருக்கிறார்கள் போல. மீனுக்கென்று பெரிய ருசி ஒன்றும் இல்லையாம், சோஸ்தான் தூக்கிக் கொடுக்குதாம். சோஸ் முதலில் புளிக்குமாம், பிறகு கொஞ்சம் இனிக்குமாம். உப்புக் காணாதாம். தேசிக்காய் பிழிந்தால் சரியாக இருக்கும், பிழிந்து பார்க்கட்டோ என்று கேட்டார். பிழியுங்கோ என்றேன். பிழிந்துவிட்டு அதையும் சொன்னார்.

என் எண்ணெயில் சத்தம் மெலிந்துவிட்டது. எடுக்கவேண்டும் என்று தெரியும். காதை எடுக்க மனம் வரவில்லை. தோழி கையை மாற்றிப் பிடித்தாள். எனக்கு இன்னும் பொறாமையாகத்தான் இருந்தது. ஆனால் இந்த மீனைப் பற்றி அந்த ஒசாகாக்காரிக்கு இவர் சொன்னது நாலே நாலு வசனம். எனக்கு முள்ளு வரைக்கும் சொல்லிக்கொண்டிருந்தார்.