சூட்டுக் குழாயில் ஏறிய ஹாம் மணம்

அன்ரனெற் அக்காவின் தாடை இரண்டு இடத்தில் உடைந்தது. உடைத்தவர் அவருடைய புருசன் இக்னேசியஸ். பார்க்டேலில் பதினோராம் மாடியில், இரும்புத் தோசைக்கல்லால் ஒரே அடி. ஆறு கிழமை பல்லோடு பல்லைக் கம்பியால் கட்டி வைத்திருந்தார்களாம். கம்பி கழற்றிய அன்று ஒரு பையில் உடுப்பும் இன்னொரு பையில் ஐந்து கிலோ அரிசியும் எடுத்துக்கொண்டு பஸ் ஏறி ஸ்காபரோவுக்கு வந்துவிட்டார். பல வருசம் கழித்து இக்னேசியஸ் செத்தபோது செத்தவீட்டுக்குப் போய் முன்வரிசையில் இருந்தாராம்.

"பெட்டியை மூடும்வரைக்கும் இருந்தன். திருப்பித் திறந்து வருவானோ எண்டு ஒரு பயம்" என்று சொல்லிச் சிரித்தார். சிரிக்கும்போது தாடை டக் என்று ஒரு சத்தம் போடும்.

அவர் ஸ்காபரோவின் மல்வேர்ன் பகுதியில் எங்கள் வீட்டுப் பேஸ்மென்றில் ஆறு வருசம் வாடகைக்கு இருந்தார். எங்கள் வீடு என்றால் என் அண்ணை அன்புராசாவின் வீடு. மேலே அண்ணை, அவருடைய மனைவி நிலாணி மச்சாள், தங்கச்சி யோகம் என்கிற நான். அண்ணைதான் என்னை ஸ்பொன்சர் செய்து கூப்பிட்டவர். வாடகை பேசும்போது அண்ணை ஒரே ஒரு சட்டம் வைத்தார். மாடும் பண்டியும் இந்த வீட்டில் சமைக்கக் கூடாது. அக்கா ஓம் என்று தலையாட்டினார்.

அக்காவுக்கு வேலை ஒரு முதியோர் இல்லத்தின் குசினியில். நத்தாருக்கு அங்கே பெரிய பெரிய ஹாம், பதப்படுத்தின பண்டித் தொடை, வைப்பார்கள். மிஞ்சினதை எலும்போடு இவரிடம் கொடுத்துவிடுவார்கள். துண்டாக வெட்டிய ஹாமை அவரால் சப்ப முடியாது, தாடை பூட்டிக்கொள்ளும். அதனால் சிலி வைப்பார். அந்த இல்லத்துக் குசினியில் பழகிய சாப்பாடு அது. ஒருமுறை நான் உடுப்புத் தோய்க்கக் கீழே போனபோது பார்த்திருக்கிறேன். எலும்பைத் துணியில் சுற்றிச் சுத்தியலால் நாலு போடு போட்டு உடைத்தார். அதைத் தண்ணீரில் போட்டு ஒரு மணித்தியாலம் அவியவிட்டு, இறைச்சியைச் சின்னச் சின்னத் துண்டாக வெட்டி, வெங்காயம், கறிமிளகாய், தகரத் தக்காளி, சிவப்பு பீன்ஸ் எல்லாம் சேர்த்தார். கடைசியில் நாங்கள் கறிக்குப் போடுகிற அதே வறுத்த தூள், மூன்று கரண்டி. அகப்பை நட்டால் நிற்கிற தடிப்பு. அண்ணை கோயிலுக்குப் போன நேரம் பார்த்துத்தான் அன்று சமைத்தார். என்னைக் கண்டதும், "பார்த்தனியோ, பார்க்கேல்லையோ?" என்று கேட்டார். பார்க்கவில்லை என்றேன். ஒரு கிண்ணத்தில் போட்டுத் தந்தார். சாப்பிட்டேன்.

அந்த வீட்டில் சூடு ஒரே குழாயால்தான் எல்லா அறைக்கும் போகும். கீழே பேர்னஸ், வீட்டுக்குச் சூடு தருகிற அடுப்பு, பற்றினால் கீழே உள்ள மணம் மேலே வரும். மேலே நடக்கிற சத்தம் அதே குழாயால் கீழே போகும். மணம் வருவதை நாங்கள் எல்லாரும் அறிவோம். சத்தம் போவதை நான் யோசித்ததில்லை.

சத்தம் என்றால் அடிதான். அண்ணை மச்சாளை அடிப்பார். உப்புக் கூடினால், போனில் நெடுநேரம் கதைத்தால், வேலையில் ஆரும் தன்னை ஏசினால். பெல்ற்றால், செருப்பால், பனி வழிக்கிற சவளின் பிடியால். ஒருமுறை கராஜ் கதவுக்கும் நிலத்துக்கும் நடுவில் அவளின் காலை வைத்துக் கதவை இறக்கினார். நான் அந்த நேரங்களில் அடுப்பைக் குறைப்பேன். வேறொன்றும் செய்வதில்லை.

அந்த டிசெம்பரில் அக்காவுக்குக் குடியுரிமைச் சத்தியப்பிரமாணத்துக்குக் கடிதம் வந்திருந்தது. பெப்ரவரியில் நாள். முந்தியே எடுத்திருக்க வேண்டியது. கடதாசிகளை எல்லாம் இக்னேசியஸ் கோப்பை கழுவுகிற சிங்குக்குள் போட்டுக் கொளுத்தினதோடு அக்கா அந்த முயற்சியை விட்டுவிட்டாராம். ஐம்பத்தாறு வயதில் திரும்ப எல்லாம் சேர்த்து விண்ணப்பித்தவர். "இது கிடைச்சா இனி ஒருத்தராலயும் என்னைத் திருப்பி அனுப்பேலாது. அதுவரைக்கும் ரோட்டிலை துப்பவும் மாட்டன். ஒரு கேஸ் விழுந்தா எல்லாம் போச்சு" என்றார். கடிதத்தை மாதா படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருந்தார்.

நத்தாருக்கு அடுத்த நாள். திருவெம்பாவை நடந்துகொண்டிருந்தது. அண்ணை விடிய நாலு மணிக்குக் கோயிலுக்குப் போய்ப் பாடிவிட்டு வந்து படுத்து எழும்பியிருந்தார். ஒரு நேரச் சாப்பாடு, விரதம். பதினொரு மணி இருக்கும். ஏதோ எடுக்க பிரீசரைத் திறந்தவர் வெள்ளித்தாளில் சுற்றின ஒரு துண்டை வெளியே எடுத்தார்.

"உது என்ன?"

"அன்ரனெற் அக்கா தந்த கேக்" என்றாள் மச்சாள். "விரதம் முடியட்டும் எண்டு வைச்சனான்."

"முட்டை போட்டதோ?"

மச்சாள் துண்டைத் திருப்பி வாங்கக் கையை நீட்டினாள்.

"வாயில என்ன, கொழுக்கட்டையோ? முட்டை போட்டதோ எண்டு கேட்டனான்."

முதல் அடி கன்னத்தில். அவள் பிரீசரைப் பிடித்தாள். அவர் கதவை அவளின் விரல்களுக்கு மேல் சாத்தினார். திறந்து இன்னொருமுறை சாத்தினார். எலும்பு முறிகிற சத்தம் கரட் முறிக்கிற மாதிரித்தான் கேட்டது. அவளின் பின்னலைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றி, தலையை பிரிஜ்ஜின் பிடியோடு அடித்தார். மூன்றாம் அடியில் மூக்கால் இரத்தம் வந்தது. அவள் கத்தவில்லை. கத்தினால் கூடும் என்று அவளுக்குத் தெரியும். நான் பருப்புக் கறி அடுப்பைக் குறைத்தேன்.

அப்போதுதான் மணம் வந்தது. முதலில் அவிந்த இறைச்சி. பிறகு வெங்காயம். அதற்கு மேல் எங்கள் தூள். தரையில் சூடு வருகிற கம்பிச்சட்டத்தால் புகை மாதிரி ஏறிக் குசினி முழுக்க நின்றது. அண்ணையின் கை அந்தரத்தில் நின்றது. மூக்கை உறிஞ்சினார்.

"பண்டி" என்றார். மச்சாளின் பின்னலை விட்டார். படியால் இறங்கினார்.

மச்சாள் நிலத்தில் சரிந்து கையைக் கக்கத்துக்குள் வைத்துக்கொண்டாள். நான் நின்ற இடத்தில் நின்று யோசித்தேன். ஓகஸ்ட்டில் ஒரு விரத நாளில் கருவாடு பொரித்தது. ஈஸ்ரருக்கு மாட்டெலும்பு அவித்தது. கந்தசட்டி விரதத்துக்குள் ஒருநாள் கணவாய். ஒவ்வொரு முறையும் அண்ணை கீழே போய் அக்காவோடு சத்தம் போட்டார். அக்கா சட்டத்தையும் விரதத்தையும் மதிக்காதவர் என்றுதான் நான் நினைத்திருந்தேன். எல்லாம் மச்சாள் அடி வாங்கிய நாட்கள். மணம் வந்ததால் சண்டை வரவில்லை. சண்டை தொடங்கிய பிறகுதான் மணம் வந்தது.

நானும் இறங்கினேன்.

அக்கா அடுப்படியில் அகப்பையோடு நின்றார். அண்ணை விடியக் கோயிலுக்குப் போன நேரம் சமைத்து மூடிவைத்த சிலிச் சட்டி இப்போது மூடியில்லாமல் கொதித்தது. பக்கத்தில் பலகையில் இன்னும் உடைக்காத ஒரு ஹாம் எலும்பு, கத்தி. கதவு முன்னமே திறந்திருந்தது.

"திருவெம்பாவைக்குள்ள என்ரை வீட்டில பண்டி அவிக்கிறியோ?"

"ஓம் தம்பி. சிலி."

"என்ன சில்லி?"

"பீன்ஸ் கறிதான். வெள்ளைக்காரன் பேர் வைக்கத் தெரியாம மிளகாயின்ரை பேரை வைச்சிட்டான். ஒரு கோப்பை போடட்டோ?"

"எளிய நாயே, உனக்கு நக்கல்."

"மேல நிண்டு கை நோகேல்லையோ தம்பி? கொஞ்சம் இருந்து ஆறுங்கோவன்."

அண்ணை குத்தினார். கை விரித்து அடிக்கவில்லை, முட்டிக் கையால் குத்து. பழைய முறிவில் பட்டது. தாடை ஒரு பக்கமாக விலகி அப்படியே நின்றுவிட்டது. அக்கா அடுப்போடு மோதினார். அண்ணை எலும்பை எடுத்து அவரின் தோளில் இரண்டுதரம் அடித்தார். பிறகு கழுத்தைப் பிடித்துச் சுவரோடு அழுத்தினார். அக்காவின் கால் நிலத்தில் இருந்து எழும்பியது. முகம் கறுத்தது. வலது கை பலகையில் தடவியது. கத்தி அந்தக் கைக்குள் வந்தது. நான் பார்த்துக்கொண்டு நின்றேன். அக்கா கத்தியைச் சிங்குக்குள் தள்ளிவிட்டார். திரும்பத் தடவிச் சட்டியின் காதைப் பிடித்து இழுத்தார்.

கொதிக்கிற சிலி அண்ணையின் இடுப்பில் இருந்து முழங்கால்வரை ஊற்றுண்டது. தடிப்பான சாமான், வழிந்து போகாது. பீன்ஸும் இறைச்சியும் காற்சட்டையோடு ஒட்டி நின்று வேகவைத்தன. அவர் குழறின மாதிரி ஒரு மனிதன் குழறி நான் கேட்டதில்லை. காற்சட்டையை இழுக்க அதோடு தோலும் வந்தது.

பொலிசைக் கூப்பிட்டது அண்ணைதான். நிலத்தில் கிடந்தபடி, நல்ல இங்கிலீசில், வாடகைக்கு இருக்கிறவள் கொதிக்கிற சட்டியால் தன்னைக் கொல்லப் பார்க்கிறாள் என்று சொன்னார்.

இரண்டு பேர் வந்தார்கள், ஒரு ஆணும் ஒரு பெண்ணும். அண்ணை இங்கிலீசில் சொல்லிக்கொண்டே போனார். அக்காவுக்கு வாய் பூட்டிப்போய்விட்டது. மூச்சும் எச்சிலும்தான் வந்தது. மச்சாள் படியில் நின்று, தான் வழுக்கி விழுந்ததாகச் சொன்னாள். ஆண் பொலிஸ் விலங்கை எடுத்து அக்காவைத் திரும்பச் சொன்னார். அக்கா மாதா படத்தைப் பார்த்தார். பிறகு என்னை ஒருமுறை பார்த்துவிட்டு, கையைப் பின்னால் கொடுத்தார்.

நான் கையை உயர்த்தினேன். எட்டாம் வகுப்போடு நின்றவள், பள்ளிக்கூடத்தில் செய்கிற மாதிரித்தான் செய்ய வந்தது. "ஐ சீ" என்றேன்.

பெண் பொலிஸ் போனில் ஒரு மொழிபெயர்ப்பாளரைப் பிடித்துத் தந்தார். இந்தியாக் குரல்.

"அம்மா, நடந்ததை நீங்க பார்த்தீங்களா?"

"ஓம்."

"ஓம்னா? சாமி கும்பிடுறீங்களா?"

"இல்லை. ஓம். ஆமா."

"யார் முதல்ல அடிச்சது?"

"யோகம்" என்றார் அண்ணை நிலத்தில் இருந்து. "யோசிச்சுக் கதை. உன்னை ஆர் கூப்பிட்டது எண்டதை மறந்திடாத."

பெண் பொலிஸ் அவரை வாயை மூடச் சொன்னார்.

"அண்ணை" என்றேன் போனுக்குள். "என்ரை சொந்த அண்ணை. அவர்தான் முதல் குத்தினவர். கழுத்தைப் பிடிச்சுத் தூக்கினவர். அவவின்ரை கையில கத்தி வந்தது. அவ அதைச் சிங்குக்குள்ள போட்டவ. போய்ப் பாருங்கோ, கிடக்குது. பிறகுதான் சட்டியை இழுத்தவ. மேல மச்சாளின்ரை விரலை பிரீசர் கதவில நெரிச்சவர். அவ வழுக்கி விழேல்லை."

 போனில் இருந்த பிள்ளை எல்லாவற்றையும் இங்கிலீசில் சொன்னாள். ஆண் பொலிஸ் சிங்குக்குள் எட்டிப் பார்த்தார். விலங்கைத் திரும்ப இடுப்பில் செருகினார்.

அக்காவில் வழக்கு விழவில்லை. அண்ணையில் விழுந்தது. வீட்டுப் பக்கம் வரக்கூடாது என்று நீதிமன்றம் சொன்னது. ஊரில் இருந்தும் லண்டனில் இருந்தும் சொந்தக்காரர் எனக்குப் போன் எடுத்துக் காறித் துப்பினார்கள். பெப்ரவரியில் அக்கா பல்லுக் கட்டின கம்பியோடு போய்ச் சத்தியப்பிரமாணம் செய்தார். வாய் திறக்காமலே முழுவதையும் சொன்னாராம்.

மாதம் முடிய அவர் வீட்டை விட்டார். வேறு கட்டடத்தில் இரண்டு அறை எடுத்திருந்தார். பெட்டிகளைக் கட்ட நான் கீழே போனேன்.

"யோகம்" என்றார் பல்லுக்குள்ளால். "நீ எனக்காகச் சொன்னனி. நல்ல காரியம். அதை மறக்கமாட்டன்."

நான் பெட்டிக்கு ஒட்டுநாடா ஒட்டிக்கொண்டிருந்தேன்.

"ஆனா ஒண்டு கேக்கிறன். ஆறு வரியம் நான் கீழ இருந்து கேட்டனான். நீ பக்கத்தில நிண்டு பார்த்தனி. அவளுக்காக ஒருநாளும் ஏன் சொல்லேல்லை?"

"அவர் என்ரை அண்ணையெல்லோ அக்கா."

"அண்டைக்கும் அவன் உன்ரை அண்ணைதானே."

நான் நாடாவை அறுத்து அடுத்த பெட்டிக்குக் குனிந்தேன். நிலாணி மச்சாள் படியால் இறங்கி வந்தாள். இடது கையின் இரண்டு விரல் இன்னும் மடங்காது. வலது கையில் அவளின் உடுப்புப் பெட்டி. அவளும் போகிறாள் என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. அக்கா பெட்டியை அவளிடம் இருந்து வாங்கிக்கொண்டார். இரண்டு பேரும் பனியில் மெல்ல நடந்து டாக்சியில் ஏறினார்கள். என்னிடம் வா என்றும் சொல்லவில்லை, வராதே என்றும் சொல்லவில்லை.