வலது காலின் இரண்டாவது ஊன்றல்

நான் ஏமாற்றித்தான் வென்றேன். நடந்தவற்றை வரிசையாகவே எழுதுகிறேன். எனக்கு வேறு விதமாக யோசிக்க வராது.

1. பல்கலைக்கழகத்தின் இரண்டாம் ஆண்டிலிருந்து விதிக்குப் புறம்பாகப் பந்து எறிந்தேன். தெரிந்தே எறிந்தேன்.

2. அந்த எறிதலைக் கொண்டே அமெரிக்காவில் ஒரு தொழில்முறை அணியில் இடம் பிடித்தேன். இரண்டு பருவங்கள் ஆடினேன்.

3. தோள் கெட்டபின் ரொறன்ரோவுக்குத் திரும்பி, ஸ்கார்பரோவில் பெண் பிள்ளைகளுக்குச் சொஃப்ட்போல் பழக்கத் தொடங்கினேன்.

4. மாணவி ஒருத்தி என் பழைய காணொளிகளைப் பார்த்து என் பிழையை அப்படியே கற்றுக்கொண்டாள். ஒரு குளிர்காலம் முழுவதும் அதை என் காதால் கேட்டேன். திருத்தவில்லை.

5. அவள் பிடிபட்டாள். என்னிடம் காரணம் கேட்டாள். நான் பொய் சொன்னேன்.

இவற்றில் முதல் மூன்றுக்காக நான் தலை குனியப் போவதில்லை. மன்னிப்புக் கடிதம் என்று எண்ணி வாசிக்கத் தொடங்கியிருந்தால், இங்கேயே நிறுத்திவிடுங்கள்.

விளையாட்டைத் தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்ல வேண்டும். சொஃப்ட்போலில் கையை ஒரு முழு வட்டமாகச் சுழற்றி, இடுப்புக்குக் கீழிருந்து பந்தை எறிவோம். வலக்கைக்காரி தரையில் பதித்த ஒரு வெள்ளைக் கட்டையில் வலது காலை உதைத்து முன்னே பாய்வாள். பாயும்போது அந்த வலது கால் மண்ணில் இழுபட்டபடியே வர வேண்டும். அது தரையை விட்டு எழுந்து, மறுபடி ஊன்றி, இரண்டாம் முறை உதைத்தால் பிழை. அந்த இரண்டாவது உதைப்பு பந்துக்குக் கூடுதல் வேகம் தரும். அதனால்தான் அது தடை.

நான் படித்தது இயந்திரப் பொறியியல். இரண்டாம் ஆண்டில் ஆய்வுகூடத்தில் அதிவேகக் கமரா ஒன்று இருந்தது; அதிர்வுகளைப் படம் பிடிக்க வாங்கியது. ஒரு சனிக்கிழமை அதை மைதானத்துக்குக் கொண்டுபோய் என் காலைப் படம் பிடித்தேன். களைத்துப்போகும் நேரத்தில் கால் தானாகவே எழும்பி ஊன்றுவதைக் கண்டேன். அந்தப் பந்துகள்தான் வேகமானவை என்பதையும் கண்டேன்.

பிழையைக் கண்டுபிடித்த பொறியியலாளர் இரண்டில் ஒன்று செய்வார். திருத்துவார், அல்லது அதைப் பயன்படுத்துவார்.

அந்த ஆண்டுதான் என்னைவிட ஒரு முழம் உயரமான, பந்தெறியும் ஒருத்தி அணிக்கு வந்திருந்தாள். அவள் ஆடினால் நான் ஆடாமல் மைதான ஓரத்து வாங்கில் உட்கார வேண்டும். வாங்கில் உட்கார்ந்தால் புலமைப்பரிசில் போய்விடும்... நான் பயன்படுத்தினேன்.

எப்படி மறைத்தேன் என்று கேட்பீர்கள். கட்டைக்கு முன்னால் கால் உதைத்து உதைத்து ஒரு குழி விழும். எல்லோரும் அதைச் சப்பாத்தால் மூடிவிட்டு எறிவார்கள். நான் மூடவில்லை. மண்ணைச் சமன் செய்வது போல் பாவனை காட்டி அதை இன்னும் ஆழமாக்கினேன். கால் குழிக்குள் இறங்கி எழும். நடுவருக்குப் புழுதி மட்டும் தெரியும்.

எனக்கு நேரெதிரே குந்தியிருந்து பந்தைப் பிடித்தவளுக்கு நிச்சயம் தெரிந்திருக்கும். அவள் எதுவும் கேட்கவில்லை. நாங்கள் வென்றுகொண்டிருந்தோம்.

இதற்காக நான் வெட்கப்பட வேண்டுமா? பார்ப்பது நடுவரின் வேலை. அவருக்கு அதற்காகத்தான் சம்பளம். பந்து விரலில் வழுக்காமலிருக்கக் கூந்தலில் பசை ஒளித்து வந்தவளோடு ஆடியிருக்கிறேன், எதிரணியின் சைகைகளைத் திருடியவளோடும் ஆடியிருக்கிறேன். நியாயப்படுத்துகிறேன் என்கிறீர்களா? ஆம், நியாயப்படுத்துகிறேன். தோளில் இரண்டு ஊசி போட்டுக்கொண்டு, பேருந்தில் பதினாறு மணி நேரம் பயணம் செய்து, இறங்கியதும் எறிந்தவள் நான். அந்த உழைப்பில் ஒரு துளியும் பொய்யில்லை. உதைப்பு மட்டும்தான் பொய்.

தொழில்முறை அணியில் இடம் கிடைத்தபோது ஸ்கார்பரோ விருந்து மண்டபமொன்றில் எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். மேடையில் பேசிய அங்கிள், "எங்கட பிள்ளை அமெரிக்காவில கிரிக்கெட் ஆடிப் பெயர் எடுத்திருக்கிறா" என்றார். கீழேயிருந்து அம்மா கையை ஆட்டி இல்லை என்று காட்டினார். அங்கிள் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, "மன்னிக்கவும், ரெனிஸ்" என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். நானும் சிரித்துக்கொண்டு பொன்னாடையை வாங்கினேன். கூசவில்லை.

இனி நான்காவது. இங்கேதான் என் குரல் கொஞ்சம் தாழும்.

சஹானா என்னிடம் வந்தபோது அவளுக்குப் பதினைந்து வயது. மோர்னிங்சைட்டிலிருந்து அவளுடைய அம்மா வான் வண்டியில் கொண்டுவந்து விடுவார். மற்றப் பிள்ளைகளுக்கு முன்னால் என்னைக் 'கோச்' என்பாள். தனியே என்றால் 'அக்கா'. இணையத்தில் கிடந்த என் ஆட்டங்கள் அத்தனையையும் தேடி எடுத்து, ஓடவிட்டு, நிறுத்தி, மறுபடி ஓடவிட்டுப் படித்திருந்தாள். நான் சொல்லிக்கொடுக்காததையும் அவற்றிலிருந்து எடுத்துக்கொண்டாள்.

குளிர்காலத்தில் ஒரு பழைய களஞ்சியத்துக்குள் செயற்கைப் புல்லில் பழகுவோம். அங்கே மண் இல்லை, குழி இல்லை, மறைக்க எதுவுமில்லை. இழுபடும் கால் புல்லில் சீறும். ஊன்றும் கால் 'டப்' என்று அடிக்கும். மற்றப் பிள்ளைகளின் கால்கள் சீறின. சஹானாவின் கால் அடித்தது. கார்த்திகையிலிருந்து பங்குனி வரை, செவ்வாயும் வியாழனும் அந்தச் சத்தத்தைக் கேட்டேன்.

ஏன் திருத்தவில்லை? 'எங்கே பழகினாய்?' என்று நான் கேட்க வேண்டியிருந்திருக்கும். 'உங்களிடம்தான்' என்று அவள் சொல்லியிருப்பாள். அவ்வளவுதான் காரணம். வேறு பெரிய காரணம் ஏதாவது இருக்கிறதா என்று தேடிப் பார்த்துவிட்டேன்... இல்லை.

கோடையில், பல்கலைக்கழகங்களுக்கு ஆள் எடுக்கும் ஆட்டம் வந்தது. அவள் போக விரும்பிய பல்கலைக்கழகத்தின் பயிற்றுநர் வேலியோரம் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். சஹானா குழியை எல்லோரையும் போல மூடிவிட்டே எறிந்தாள்; மூன்றாவது பந்திலேயே நடுவர் இடது கையை நீட்டினார். பிழை. அடுத்ததும் பிழை. ஐந்தாவது முறை அந்தக் கை நீண்டபோது, பயிற்றுநர் குறிப்புப் புத்தகத்தை மூடிக்கொண்டு அடுத்த மைதானத்துக்குப் போய்விட்டார்.

சஹானா என்னிடம் வந்தாள். அவள் அழவில்லை. ஒரு கணக்கு ஏன் வரவில்லை என்று கேட்பவளைப் போலக் கேட்டாள்.

"கோச், நான் உங்கட வீடியோவில இருக்கிற மாதிரித்தானே எறியிறன். ஃபுட்வேர்க் எல்லாம் சேம்."

"இல்லை. என்ர கால் இழுபடும். நீ பிழையாப் பாத்திருக்கிறாய்."

"ஓ... சொறி, கோச்."

அவள் என்னிடம் மன்னிப்புக் கேட்டாள். நான் 'பரவாயில்லை' என்று தலையாட்டினேன்.

இரண்டு கிழமைக்குப் பிறகு அவளுடைய அம்மா தொலைபேசியில் அழைத்தார்.

"பிள்ளை பேஸ்மென்ற்றுக்குள்ள இருந்து உங்கட வீடியோவையே பாத்துக்கொண்டு இருக்குது. இப்ப கண் டொக்டரிட்ட கூட்டிக்கொண்டு போகட்டாம். கோச்சின்ர கால் எழும்புற மாதிரியே தனக்குத் தெரியுதாம், தன்ர கண்ணில ஏதோ பிழையாம். உமக்கு ஏதும் விளங்குதே?"

எனக்கு விளங்கியது. என் பொய்யை நம்புவதற்காக அந்தப் பிள்ளை தன் கண்ணைச் சந்தேகித்துக்கொண்டிருந்தாள்.

"டொக்டர் வேண்டாம் அன்ரி. நான் வாறன்" என்றேன்.

பழைய கோப்புகளோடு மடிக்கணினியைக் கொண்டுபோனேன். அவர்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில், உப்புக் கிண்ணத்தைத் தள்ளி வைத்துவிட்டு, நான் பத்தொன்பது வயதில் எடுத்த படங்களை ஒவ்வொன்றாக நகர்த்திக் காட்டினேன். கால் எழுகிறது. கால் ஊன்றுகிறது. கால் உதைக்கிறது. சஹானா திரையைத் தொட்டு, தானே ஒருமுறை பின்னுக்கு நகர்த்திப் பார்த்தாள்.

"ரூல் தெரியாமல் செய்தீங்களா அக்கா, தெரிஞ்சா?"

"தெரிஞ்சு."

"என்ர கால் எழும்புறது?"

"விண்டரிலயே தெரியும்."

அவள் மடிக்கணினியை மூடினாள். பிறகு, "சோ, நீங்க செய்து புரோ ஆனீங்க, நான் செய்து பிடிபட்டன். நைஸ்" என்றாள். தன் கண்ணை ஒருமுறை கசக்கிக்கொண்டு மாடிக்குப் போய்விட்டாள்.

அவளுடைய அம்மா தேத்தண்ணிக் கோப்பையை என் பக்கம் நகர்த்தவும் இல்லை, எடுத்துக்கொண்டு போகவும் இல்லை.

"இஞ்சினியர் பிள்ளை, எல்லாத்தையும் அளந்து செய்யும் எண்டுதானே உம்மட்ட விட்டனாங்கள்."

"ஓம் அன்ரி."

"அளந்துதான் செய்திருக்கிறீர்."

நான் மடிக்கணினியைப் பைக்குள் வைத்துக்கொண்டு எழுந்தேன். 

அந்தப் பயிற்றுநருக்கு மின்னஞ்சல் எழுதினேன். பிழை மாணவியுடையது அல்ல, பழக்கியவளுடையது என்று எழுதிப் படங்களையும் இணைத்தேன். நேர்மைக்கு நன்றி, இடங்கள் நிரம்பிவிட்டன என்று இரண்டு வரியில் பதில் வந்தது. நேர்மை... அந்தச் சொல்லை அவர் எல்லாக் கடிதங்களிலும் வழக்கமாகப் பாவிப்பவராக இருக்க வேண்டும்.

வெற்றிகளைத் திருப்பிக் கொடு என்று நீங்கள் சொல்லலாம். கொடுக்க மாட்டேன். யாரிடம் கொடுப்பது? அந்த வாங்கில் உட்கார்ந்திருந்த உயரமானவளிடமா? அவளுடைய ஆண்டுகளை என்னால் திருப்பிக் கொடுக்க முடியாது. கேடயத்தை அனுப்பினால் அவள் அதைக் குப்பையில் போடுவாள். நானாக இருந்தாலும் அதைத்தான் செய்வேன். பழக்குவதை விட்டுவிடு என்பீர்கள். அதுவும் மாட்டேன். ஒரு காலின் பிழையை என்னைவிட நன்றாக அறிந்தவர் இந்த நகரத்தில் யார்?

ஆனால் அந்த 'சொறி, கோச்'... அதை எந்தப் பட்டியலில் போடுவது என்று எனக்குத் தெரியவில்லை. இலக்கம் போடாமலே வைத்திருக்கிறேன்.

இப்போதைய நிலை இது. சஹானா விட்பியில் வேறொருவரிடம் பழகுகிறாள். அவளுடைய கால் பெரும்பாலும் இழுபடுகிறது, வேகம் குறைந்திருக்கிறது. இன்னும் ஒரு கோடை அவளுக்கு மிச்சமிருக்கிறது. நான் அனுப்பிய செய்திகளை வாசித்திருக்கிறாள், பதில் எழுதவில்லை. என்னிடம் பதினொரு பிள்ளைகள் பழகுகிறார்கள். அவர்களுடைய பெற்றோர் எவருக்கும் இன்றுவரை இதைச் சொன்னதில்லை; இதை அவர்களுக்கும் அனுப்புகிறேன், வியாழனுக்குள் வாசித்திருப்பார்கள். வியாழக்கிழமை ஆறு மணிக்குப் பயிற்சி. நான் ஐந்தரைக்கே போய்க் கதவைத் திறந்து வைப்பேன். எத்தனை பேர் வருவார்கள் என்று தெரியாது.