அச்சில் வராத சுவர்

எங்கள் ஊர் வாரப் பத்திரிகைக்கு அண்மையில் வார்ஷிகம் கொண்டாடினார்கள். ஆண்டு விழாவுக்கு மலையாளத்தில் உள்ள சொல் அது. தமிழ்ப் பத்திரிகையின் விழாவும் எங்கள் ஊரில் அப்படித்தான் அழைக்கப்படும். விழாவையொட்டிப் பத்திரிகையின் வரலாறு வழுவழுப்பான தாளில் ஒரு மலராக வெளிவந்தது. அதில் இடம்பெறாத ஒரு பகுதியை எழுதி வைப்பது என் கடமை என்று கருதுகிறேன்.

பத்திரிகை நான்கு பக்கம் கொண்டது. கம்பத்தில் அச்சாகிக் குமுளி வழியாக ஜீப்பில் மலையேறி, ஞாயிறு காலை எங்களை வந்தடையும். முதற்பக்கத்தில் ஏலக்காய் விலையும் ஏதேனுமொரு மந்திரியின் வருகையும் இருக்கும். உள்ளே காதணி விழா வாழ்த்து, கண்ணீர் அஞ்சலி, நகைக்கடை விளம்பரம். நிறுவியவர் மளிகைக் கடை முதலாளி. தேயிலைத் தோட்டங்களுக்கு அரிசியும் மண்ணெண்ணெயும் அனுப்பிக்கொண்டிருந்தவர். மலைத் தமிழருக்கு ஒரு குரல் வேண்டும் என்று பத்திரிகை தொடங்கியதாக மலர் கூறுகிறது. தோட்ட அலுவலகங்களோடு நெருக்கம் வேண்டித் தொடங்கினார் என்று நாங்கள் பேசிக்கொள்வதுண்டு. இரண்டும் உண்மையாக இருக்கலாம்.

எங்கள் தோட்டத்துக்கு வந்தது ஒரே பிரதி. ஒரே கூரையின் கீழ் ஒட்டி ஒட்டிக் கட்டிய லயத்து வீடுகளில் குடியிருந்த எங்களில் எழுத்துக் கூட்டிப் படிப்போர் அக்காலத்தில் மிகச் சிலர். ஆகவே பத்திரிகை எங்களிடையே காதால் கேட்கும் பொருளாக இருந்தது. வேலை நாட்களில் பெயர் கூப்பிட்டு ஆள் பிரிக்கும் பெரட்டுக் களத்தில் ஞாயிறன்று கூட்டம் கூடும். கவிழ்த்துப் போட்ட தேயிலைப் பெட்டியின் மீது அமர்ந்து நான் படிப்பேன். பள்ளிக்கூடம் அதிகம் காணாதவன் நான். இந்தப் பத்திரிகையைப் பார்த்தே எழுத்தைப் பழகினேன். விலைவாசியை விரைவாகவும் சாவுச் செய்தியை நிறுத்தியும் படிக்க வேண்டும் என்பது களத்தின் வழக்கம். இடையிடையே கேள்வி வரும்.

"அண்ணே, அந்த மந்திரி வந்தாரே, நம்ம ரோட்டப் பத்தி ஏதாச்சும் பேசியிருக்காரா?"

"அவரு தூங்கிக்கிட்டே வந்தாரு. குலுக்குன குலுக்குல தொட்டில்னு நெனச்சிருப்பாரு," என்று ஒருத்தி சொல்வாள். களம் சிரிக்கும்.

ஒரு மழைக்காலத்தில் லயத்தின் கடைசி வீட்டுச் சுவர் இடிந்தது. காய்ச்சலென்று பள்ளிக்குப் போகாமல் படுத்திருந்த சிறுமி அதன் அடியில் இறந்தாள். தாய் கொழுந்து கிள்ளப் போயிருந்தாள். விடுப்புக் கேட்டுக் கிடைக்காமல் போனவள் அவள். அந்தச் சுவர் விரிசல் விட்டிருப்பதை அலுவலகத்தில் பலமுறை முறையிட்டவளும் அவளே. ஆளை அனுப்பி ஒரு மரக்கம்பை முட்டுக்கொடுத்துவிட்டு, வேலை முடிந்ததென்று போய்விட்டார்கள்.

அந்த ஞாயிறு வந்த பத்திரிகையில், இயற்கையின் சீற்றத்துக்குச் சிறுமி பலி என்று இருந்தது. விரிசல் இல்லை, முறையீடு இல்லை, கம்பும் இல்லை. நிர்வாகம் ஆழ்ந்த இரங்கல் தெரிவித்திருந்தது. தாய் என் எதிரே தரையில் உட்கார்ந்திருந்தாள். நான் படித்தேன். பலமுறை முறையிட்டும் பழுது பார்க்கப்படாத சுவர் என்று படித்தேன். விடுப்பு மறுத்ததைப் படித்தேன். தோட்டத்தின் பெயரைச் சொன்னேன். இத்தகைய அலட்சியம் இனி நேரலாகாது என்று பத்திரிகையின் நடையிலேயே முடித்தேன்; அந்நடை அதற்குள் எனக்குக் கைவந்திருந்தது. இதற்காக நான் என்றும் வருந்தியதில்லை. பொய் சொன்னது அச்சு.

தோட்டத் துரையை எதிர்த்து எழுதிய பத்திரிகை என்ற பெயர் ஏலப்பாறையிலிருந்து உடும்பஞ்சோலை வரை பரவியது. முதலாளி ஒருமுறை தோட்டத்துக்கு வந்தபோது பெண்கள் ஆரத்தி எடுத்துப் பொட்டு வைத்தார்கள். அவர் கூட்டத்தை விலக்கிக்கொண்டு என்னருகே வந்தார்.

"நல்லாத்தான் படிக்கீரு. இனிமே போட்டிருக்கத மட்டும் படியும்."

நெற்றிப் பொட்டை அவர் அழிக்கவில்லை. அதோடுதான் ஊர் திரும்பினார்.

அவர் காலமாகி இப்போது மகன் நடத்துகிறார். பத்திரிகை கைப்பேசியில் வருகிறது. தோட்டம் கைமாறி அதன் மேல்பாதியில் ரிசார்ட் எழும்பியிருக்கிறது. விழாவுக்கெனப் பழைய பக்கங்களைக் கண்ணாடிச் சட்டமிட்டுப் பஞ்சாயத்து மண்டபத்தில் வைக்கத் தீர்மானித்தார்கள். எல்லோரும் கேட்டது சுவர்ச் செய்தியைத்தான். மகன் பழைய கட்டுகளைப் புரட்டிவிட்டு எனக்கு ஆள் அனுப்பினார்.

"பெரியவரே, அந்த வாரத்துப் பேப்பரப் பார்த்தேன். ஜனங்க சொல்ற மேட்டர் அதுல இல்லியே?"

"இருக்காது தம்பி. அது அச்சுல வரல. நான் வாயால படிச்சது."

தலைகுனிவார் என்று எதிர்பார்த்தேன். அவருக்கோ முகம் மலர்ந்தது. "அப்ப ஒண்ணு செய்யலாம். நீங்க படிச்சத அப்படியே சொல்லுங்க. பழைய எழுத்துல அடிச்சு, தாளக் கொஞ்சம் மஞ்சளாக்கி மாட்டிரலாம். பிள்ளையப் பறிகொடுத்த அந்தம்மா கையால எனக்குப் பொன்னாடை போர்த்த ஏற்பாடு பண்ணியாச்சு."

"ஒங்க அப்பா போடாத செய்தி இது."

"போடலன்னு ஒங்களுக்கும் எனக்கும்தான தெரியும்?"

முடியாதென்று சொல்லிவிட்டு நேரே அந்தத் தாயைப் பார்க்கப் போனேன். அவள் இன்னும் லயத்தில்தான் இருக்கிறாள். மேடையேறும் முன் அவள் உண்மையை அறிந்திருக்க வேண்டும் என்று எனக்குப் பட்டது. பாலில்லாத கட்டன் சாயா கொடுத்துவிட்டு, நான் சொன்னதை முழுவதும் கேட்டாள்.

"அப்ப பேப்பர்ல வரவே இல்லியா?"

"வரல."

"களத்துல இருந்தவங்க மட்டுந்தான் கேட்டாங்களா?"

"ஆமா."

"அவங்களுக்கு நீங்க படிக்காமலே தெரியுமேண்ணே. அவங்கதான கல்லத் தள்ளிப் பிள்ளைய எடுத்தாங்க."

அவளே தொடர்ந்தாள்.

"பிள்ளையக் காய்ச்சலோட போட்டுட்டுக் கூலிக்குப் போனவன்னு சொந்த ஊரு சங்கரன்கோவில்ல எங்க ஆளுகளே ஏசுனாக. மாமியா இன்னைக்கு வரைக்கும் பேச்சில்ல. பேப்பர்லயே வந்திருக்கு, வாங்கிப் பாருங்கன்னு அத்தன பேருகிட்டயும் சொன்னேன். பாத்திருப்பாகளே. பாத்துட்டுத்தான் பேசாம இருந்திருப்பாக."

வெளியே ரிசார்ட் ஜீப் ஒன்று ஆட்களை ஏற்றிக்கொண்டு போயிற்று. அதன் சத்தம் அடங்கும்வரை அவள் காத்திருந்தாள்.

"இப்பப் போடச் சொல்லுங்க. பழைய தேதி வேண்டாம். இன்னைக்குத் தேதியில, தோட்டத்துப் பேரு போட்டு, லீவு கேட்டும் குடுக்கலன்னு போடச் சொல்லுங்க. போட்டா நான் வந்து போத்துதேன்."

மகனிடம் அப்படியே சொன்னேன். "பாக்கலாம் பெரியவரே. பரஸ்யம் குடுக்கறவங்களையும் யோசிக்கணும்ல," என்றார். பரஸ்யம் என்றால் விளம்பரம். மலரின் பின்னட்டை முழுவதும் ரிசார்ட்டின் பரஸ்யமாக இருந்ததைப் பிறகு கண்டேன்.

விழாவன்று மண்டபத்தின் நடுச் சுவரில் அந்தப் பக்கம் தொங்கியது. பழைய தேதி, மஞ்சள் தாள், அக்கால எழுத்து. என் உதவி அவர்களுக்குத் தேவைப்படவில்லை; களத்தில் கேட்டவர்கள் இன்னும் எத்தனையோ பேர் இருக்கிறார்கள். இளைஞர்கள் அதனருகே நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். தாயும் வந்திருந்தாள். அமைப்பாளர்கள் கொடுத்த பொன்னாடைப் பை அவள் கையில் இருந்தது. சட்டத்தைப் பார்த்ததும் அவள் முகம் சற்றுத் தெளிந்தது.

"போட்டுட்டாகளே. படிங்கண்ணே."

மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு முதலில் மனத்துக்குள் படித்தேன். பழுதடைந்த சுவர் இடிந்ததென்று இருந்தது. மலைப்பகுதியிலுள்ள ஒரு தோட்டம் என்று இருந்தது. தாயார் பணிக்குச் சென்றுவிட, வீட்டில் தனியே விடப்பட்ட சிறுமி என்றும் இருந்தது. விடுப்பைப் பற்றி எழுத்தில்லை. அவள் என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள். மாற்றிப் படிக்கும் வித்தை எனக்கு மறந்துபோகவில்லை. ஆயினும் இம்முறை அச்சில் இருந்ததை அப்படியே படித்தேன்.

"தனியே விடப்பட்டன்னா, விட்டது யாருன்னு போட்டிருக்கா?"

"போடல."

"தோட்டத்துப் பேரு?"

"அதுவும் இல்ல."

மேடையிலிருந்து ஒலிபெருக்கி அவளை அழைத்தது. கூட்டம் கைதட்டி வழிவிட்டது. அவள் பொன்னாடைப் பையை என் கையில் திணித்தாள்.

"நீங்களே போத்துங்கண்ணே. ஒங்களாலதான அவுகளுக்கு இந்தப் பேரு," என்று சொல்லிவிட்டு வாசலைப் பார்த்து நடந்தாள்.