சுடுகாட்டுப் பாதைக்கு ஒரு மெம்பர்

ராமக்காள் மதினி எங்கள் ஊராட்சியில் ஐந்து வருடம் வார்டு மெம்பராக இருந்தார். பேரையூருக்கு மேற்கே, மழையை நம்பிப் பருத்தி போடுகிற கரிசல்காட்டு ஊர் எங்களுடையது. மெம்பர் ஆவதற்கு முன்னும் மதினி பருத்திக்காட்டு வேலைக்குப் போனார், மெம்பராக இருந்தபோதும் போனார், இன்றைக்கும் போயிருக்கிறார். அந்தப் பதவிக்கு அவர் வந்தது ஒரே ஒரு காரியத்துக்காக. அது நடக்கவில்லை.

என் அண்ணன், மதினியின் வீட்டுக்காரர், இறந்தது ஐப்பசி மழையில். எங்கள் தெருவிலிருந்து சுடுகாட்டுக்குப் போக முன்பு ஒரு வண்டிப்பாதை இருந்தது. ஊராட்சித் தலைவர் பால்பாண்டி தன் தென்னந்தோப்புக்கு வேலி போட்டபோது பாதையும் வேலிக்குள் போய்விட்டது. மிச்சம் கண்மாய்க்குள் இறங்கிப் போகிற வழிதான். கோடையில் நடக்கலாம். மழை பெய்தால் இடுப்புத் தண்ணீர். தூக்கிப் போனவர்களில் ஒருவருக்குக் கால் வழுக்கி, பாடை சரிந்து, அண்ணன் பாதி உடம்பு நனைந்துதான் அக்கரை போய்ச் சேர்ந்தான். மதினி கரையில் நின்று அதைப் பார்த்தார்.

அடுத்து வந்த தேர்தலில் எங்கள் வார்டு பெண்களுக்கு என்று ஆனது. பால்பாண்டியே வீட்டுக்கு வந்தார்.

"நீ நில்லு தாயி. எதுத்து யாரும் நிக்காமப் பாத்துக்கிறேன்."

"எங்க பாதையப் பத்திப் பேசலாமாண்ணே?"

"அதெல்லாம் பெறகு. மொதல்ல கோயிலுக்கு வா."

போட்டியில்லாமல் மெம்பராகிறவர்கள் கருப்பசாமி கோயிலில் எரிகிற சூடத்தைக் கையால் அணைத்து, தலைவர் பேச்சை மீற மாட்டேன் என்று சத்தியம் செய்வது எங்கள் ஊர் வழக்கம். மதினி அணைத்தார். உள்ளே போய்விட்டால் பேசிக்கொள்ளலாம் என்று நினைத்துவிட்டார்.

கூட்டத்தில் செயலர் தீர்மானத்தை வாசிப்பார். மெம்பர்கள் மேசையைத் தட்டுவார்கள். டீ வரும். தோப்புப் பக்கம் சிமெண்ட் ரோடு, தோப்புப் பக்கம் தெருவிளக்கு, எல்லாவற்றுக்கும் மதினி தட்டினார். அவர் பாதை என்று வாயைத் திறந்தால் பால்பாண்டி திருநீறு பூசுகிற மாதிரி நெற்றியைத் தொட்டுக் காட்டுவார். மதினி உட்கார்ந்துவிடுவார்.

"சாமிகிட்டச் சொன்ன வார்த்த செல்வி. பிள்ளைக மேல விழுந்துட்டா?" என்பார் என்னிடம்.

குழாயடியில் கேலி வேறு. "என்ன மெம்பரம்மா, இன்னைக்கு எம்புட்டுத் தட்டு தட்டுனிய? கை வலிக்கலையா?"

"வலிச்சா நீ வந்து அமுக்கி விடேன்டி," என்று சொல்லிவிட்டுப் பாதிக் குடத்தோடு திரும்பி வருவார்.

நாலாவது வருடம், சத்தியத்திலிருந்து விடுவிக்கும்படி சாமியிடமே கேட்பது என்று பூக்கட்டிப் பார்த்தார். ஒரு பொட்டலத்தில் வெள்ளைப் பூ, ஒன்றில் சிவப்பு. வெள்ளை வந்தால் சாமி விட்டுவிட்டது, சிவப்பு வந்தால் விடவில்லை. பூசாரி முத்திருளன் மடித்துப் போட்டார். மதினி கண்ணை மூடி எடுத்தார். சிவப்பரளி.

"சாமி ஒத்துக்கலையே தாயி."

ஒரு வருடம் பொறுத்துத் திரும்பக் கேட்டார். திரும்பவும் சிவப்பு. மீந்த பொட்டலத்தைப் பூசாரி பிரிக்காமலே காய்ந்த மாலைகளோடு ஒதுக்கினார். போன தடவையும் அப்படித்தான் ஒதுக்கினார் என்பது எனக்கு ஞாபகம் வந்தது. நாலு பேர் முன்னால் எனக்குப் பேச வராது. போய் எடுத்துப் பிரித்து, மதினி முன்னால் உள்ளங்கையை நீட்டினேன். அதிலும் சிவப்பரளி.

"என்ன பூசாரி, ரெண்டுலயும் சிவப்பா?" என்றார் மதினி.

"கை மறதி தாயி."

"கைக்கு மறதியா? இல்ல, தோப்புத் தேங்கா ஒன் வீட்டுக்கு வரணுங்கிற ஞாவகமா?"

பூசாரி விளக்குத் திரியைத் தூண்டப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு ஒரு கூட்டம்தான் மிச்சம் இருந்தது. நான் வாசலில் நின்றேன். மதினி எழுந்தார்.

"தலைவரே, வேலியப் பிரிச்சு எங்க பாதைய விடச் சொல்லித் தீர்மானம் போடணும்."

பால்பாண்டி நெற்றியைத் தொட்டார். மதினி இரண்டு பொட்டலங்களையும் மேசைமேல் வைத்துப் பிரித்தார்.

"சாமி பேரச் சொல்லி ஏமாத்துனது நீங்க. அந்தச் சத்தியம் இனி என்னையக் கட்டாது."

பால்பாண்டி பூவைப் பார்த்தார். கோபப்படவில்லை. "பேசிட்டேல்ல, உக்காரு. இதுக்கு யாரு யாரு தட்டுறீக?"

மற்ற மெம்பர்களும் அதே சூடத்தை அணைத்தவர்கள். யாரும் கையைத் தூக்கவில்லை. மதினி மட்டும் இரண்டு கையாலும் தட்டினார். தட்டிக்கொண்டே இருந்தார். டீ வந்துவிட்டது.

பதவிக்காலம் முடிந்து, அடுத்த தேர்தலும் வராமல், இப்போது அதிகாரிகள்தான் ஊராட்சியைப் பார்க்கிறார்கள். மதினி மனு கொண்டுபோனார். ஊராட்சித் தீர்மானம் இருந்தால் கொண்டுவரச் சொன்னார்கள். அப்போதே போட்டிருக்கலாமே, மெம்பராகத்தானே இருந்தீர்கள் என்றும் கேட்டார்களாம். வீட்டுக்கு வந்தவர் சாப்பிடாமல் படுத்துவிட்டார்.

எங்கள் தெருக் கடைசி வீட்டுப் பேச்சிமுத்துப் பெரியப்பா இரண்டு வாரமாகப் படுக்கையில் கிடக்கிறார். கஞ்சி இறங்கவில்லை. நேற்று மேற்கே மேகம் திரண்டு இடி இடித்தது. பருத்தி போட்ட ஊர், எல்லாரும் வாசலுக்கு வந்து சந்தோஷமாக வானத்தைப் பார்த்தார்கள். மதினியும் வந்தார். கடைசி வீட்டையும் கண்மாயையும் மாறி மாறிப் பார்த்தார்.

"பெய்யுறது பெய்யி. இன்னுங் கொஞ்சம் பொறுத்துப் பெய்யக் கூடாதா?" என்றார், எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி.