நான் குரல் கொடுத்த ஜார்ஜியாக்காரர்

காலை ஏழு மணிக்குக் கூடுவாஞ்சேரியில் செங்கல்பட்டு ரயிலைப் பிடித்தேன். நான் டப்பிங் கலைஞன். திரையில் வாயசைப்பது யாரோ, பேசுவது நான். நான்கு தமிழ்ப் படங்களில் ஷோதா என்ற ஜார்ஜிய நடிகருக்குக் குரல் கொடுத்திருக்கிறேன். நான்கிலும் அவர் வெள்ளைக்காரத் துரை, நான்கிலும் செத்துப்போனார். ஆளை நேரில் பார்த்ததே இல்லை. மாமல்லபுரத்தில் இன்று அவருக்குக் கடைசி நாள் படப்பிடிப்பு, நாளை விமானம் என்று தெரிந்த மேனேஜர் ஒருவர் சொன்னதும் கிளம்பிவிட்டேன்.

அவரிடம் ஒன்று கேட்க வேண்டும். தமிழ் தெரியாத நடிகர்களிடம் நம்மவர்கள், "எதையாவது பேசுங்க, டப்பிங்ல பாத்துக்கலாம்" என்று சொல்லிவிடுவது வழக்கம். சில புண்ணியவான்கள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவார்கள். ஷோதா தன் தாய்மொழியில் பேசுவார். மூன்றாவது படத்தில் ஒரு காட்சி. மெல்ல ஏதோ சொல்கிறார், கண் கலங்கியிருக்கிறது. என் கையிலிருந்த வசனமோ, "இந்த ஊரைக் கொளுத்துங்கள்! ஒருவரும் தப்பக் கூடாது!" கலங்கிய கண்ணைக் கோபம் என்று எடுத்துக்கொண்டார் இயக்குநர். நானும் தொண்டை கிழியக் கத்திவிட்டு வந்தேன். அவர் என்னதான் சொன்னார் என்பது அன்று முதல் என்னை அரித்துக்கொண்டே இருந்தது.

ரயில் ஜன்னலில் கொளவாய் ஏரி வந்ததும் செங்கல்பட்டு வந்துவிட்டது. அங்கிருந்து மாமல்லபுரத்துக்கு முப்பது கிலோமீட்டர். திருக்கழுக்குன்றம் வரை பஸ்ஸில் நின்றுகொண்டே போனேன். ஒன்பதரைக்கு இறங்கினால், ஆட்டோக்காரர் நூற்றைம்பது கேட்டு நூற்றிருபதுக்கு மசிந்தார்.

"ஷூட்டிங்குக்கா சார்? ஒரு வெள்ளக்கார தாத்தா கீறாரு. நேத்து டிவில அவரு படம் பாத்தேன், இன்னா சூப்பரா சாவுறாரு தெரியுமா!"

எனக்குப் பெருமையாக இருந்தது. அந்தச் சாவில் பாதி என்னுடையது அல்லவா?

கடற்கரையை ஒட்டிய சவுக்குத் தோப்பில் மேனேஜர் எதிர்ப்பட்டார். "இன்னா அண்ணாத்த, இம்மாந்தூரம் வந்துட்ட? அதோ, நெழல்ல குந்திகினு கீறாரு, போய்ப் பாரு."

சிவப்புக் கோட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, வேர்வை வழிய அமர்ந்திருந்தார் ஷோதா. வயது எழுபதைத் தாண்டியிருக்கும். அவருடைய ஆங்கிலமும் என்னுடையதும் ஒரே லட்சணம்தான். "தமிழில் உங்கள் குரல் நான்" என்றேன். எழுந்து, என்னைக் கட்டிப்பிடித்து, கன்னத்தில் முத்தமிட்டார்.

அப்புறம் அவராகவே பேசினார். இருபது வயதில் திபிலிசி நகரில் நாடக மேடை. பிறகு குதிரையேறும் கதாநாயகன். சோவியத் நாடு முழுக்கப் படங்கள் ஓடின, ஆனால் ரஷ்ய மொழியில். மாஸ்கோவில் ஒருவர்தான் அவருக்காகப் பேசினார்.

"தியேட்டரில் என் மனைவி மனானா காதைப் பொத்திக்கொள்வாள். என் புருஷன் வாயில் யாரோ புகுந்துகொண்டான் என்பாள். எனக்கு அந்த மனிதரைப் பார்க்க ஆசை. தேடிப் போனபோது அவர் உயிரோடு இல்லை."

நாடு உடைந்தது. படங்கள் நின்றன. மின்சாரம் இல்லாத அரங்கில் மெழுகுவர்த்தி வைத்து நடித்தாராம். வெகுநாள் கழித்து, ஜார்ஜிய மலைகளில் சினிமாப் பாட்டு எடுக்கப் போன நம் ஆட்கள் அவரைத் துரையாக்கி அழைத்து வந்தார்கள்.

நான் அந்தக் கண் கலங்கிய காட்சியைப் பற்றிக் கேட்டேன்.

"அங்கே தமிழில் நீ என்ன சொன்னாய்?" என்றார்.

"ஊரைக் கொளுத்தச் சொன்னேன்."

வெடித்துச் சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தவர் சட்டென்று கோட்டைத் தடவ ஆரம்பித்தார்.

"அதற்கு முந்தைய மாதம்தான் மனானா இறந்திருந்தாள். எதையாவது பேசு என்றார்கள். அவளோடு பேசினேன். 'மனானா, கதவைச் சாத்தவில்லை. அடுப்பு எரிகிறது. வா.' அவ்வளவுதான்."

நான் அவர் பக்கத்தில் மணலில் உட்கார்ந்தேன்.

"தமிழில் சொல்" என்றார். பிறகு, கேமரா முன் நிற்பவர்போல நிமிர்ந்து, தன் மொழியில் அதை மெல்லச் சொன்னார். தொழில் பழக்கத்தில் என் கண் அவர் உதட்டுக்குப் போயிற்று. கூடவே பேசினேன்: "மனானா, கதவைச் சாத்தவில்லை. அடுப்பு எரிகிறது. வா." இருவரும் ஒன்றாகத் தொடங்கி ஒன்றாக முடித்தோம். அவர் காதைப் பொத்தவில்லை. தோப்புக்குள் வரும் பாதையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பதினொரு மணிக்கு ஷாட்டுக்குக் கூப்பிட்டார்கள். ஐந்தாவது முறையாகச் சாகப் போனார். நான் இருந்து பார்க்கவில்லை. இன்னும் சில வாரங்களில் ஸ்டூடியோவில் அதற்கும் நான்தான் கத்த வேண்டும்.

திரும்பும் பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தது. நாளை அவர் அந்தத் திறந்த வீட்டுக்குப் போய்ச் சேர்வார். இனி டிவியில் அந்தப் படம் போட்டால், அவர் ஊரைக் கொளுத்தச் சொல்லும் இடத்தில் ஒலியை அணைத்துவிட்டு நானே பேசிக்கொள்வேன். யாராவது ஒருவர் மனானாவைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்க வேண்டாமா?