கரைத்துப் பார்த்த உப்புக்கல்

அம்மா இறந்த வருஷம் எங்கள் வீட்டில் யாரும் யாரோடும் அதிகம் பேசவில்லை. அப்பா விடிவதற்குள் மரக்காணம் உப்பளத்துக்குப் போய்விடுவார். அக்கா புதுச்சேரிக் கல்லூரியில் எம்.எஸ்ஸி. கணக்கு படித்தாள், இருட்டிய பிறகுதான் பஸ்ஸை விட்டு இறங்குவாள். சமைத்துப்போட வந்த அத்தை டிவியோடு பேசிக்கொண்டிருப்பாள். மூன்றாம் வகுப்பில் இருந்த எனக்குத்தான் பேச ஆள் அகப்படவில்லை.

என்னிடம் இருந்தது ஓர் உப்புக்கல். அம்மா உப்பளப் பாத்தி மூலையில் பொறுக்கி, எனக்காக முந்தானையில் முடிந்து கொண்டுவந்தது. நெல்லிக்காய்ப் பருமனில், எல்லாப் பக்கமும் கத்தியால் வெட்டினாற்போல் இருக்கும். இதை யார் வெட்டினது என்று ஒருநாள் அக்காவிடம் கேட்டுவைத்தேன்.

அவளுக்கு அப்போது உலகமே கணக்கு என்று ஒரு பைத்தியம் பிடித்திருந்தது. செல்போனில் எந்நேரமும் அதைப் பற்றித்தான் பார்ப்பாள்.

"யாரும் வெட்டல பாப்பா. உப்பு, மண்ணு, நீ, நானு எல்லாமே உள்ளுக்குள்ள வெறும் கணக்குதான். பொருள்னு தனியா ஒண்ணும் கெடையாது. கரைச்சாலும் அந்தக் கணக்கு அழியாது. காஞ்சா அதே சதுரம் திரும்பி வந்துடும்."

"அம்மாவுமா?"

"அம்மாவும் கணக்குதான்" என்றாள், செல்போனைப் பார்த்துக்கொண்டே.

எனக்கு வேண்டியதை மட்டும் நான் எடுத்துக்கொண்டேன். கல் திரும்பி வந்தால் அம்மாவும் வருவாள். மறுநாளே கல்லை வெந்நீரில் போட்டுக் கலக்கி, எவர்சில்வர் தட்டில் ஊற்றி மாடி வெயிலில் வைத்தேன். மழை வந்துவிடக் கூடாதே என்று உப்பள முதலாளி கணக்காக வானத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை தண்ணீர் வற்றியபோது தட்டு முழுக்கக் கடுகு கடுகாகச் சதுரங்கள். என் கல்லைக் காணோம். அக்காவை இழுத்துவந்து காட்டினேன்.

"இதுல அம்மா குடுத்தது எது, அக்கா?"

"எல்லாம் ஒண்ணுதான்டி. எந்த உப்ப எடுத்தாலும் அதே கணக்குதான். ஒரு வித்தியாசமும் இல்ல."

அவள் சொன்னது சரியாகவே இருந்திருக்கலாம். எனக்கு அழுகை அடங்கவில்லை. அம்மாவைத் தூக்கிக்கொண்டு போன அன்றுகூட நான் அவ்வளவு தனியாக இருந்ததில்லை.

அன்று சாயங்காலம் குழம்பு கொதிக்கும்போது, கைக்கு எட்டியது மாடியிலிருந்து இறக்கி வைத்திருந்த அந்தத் தட்டுதான் என்று அத்தை அதிலிருந்து கொஞ்சம் அள்ளினாள். அக்கா ஓடிவந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அதப் போடாத அத்த."

"ஏன், உப்புதான?"

அக்கா அத்தையின் விரலிடுக்கில் ஒட்டியிருந்ததைக்கூட விடாமல் தட்டிலேயே உதிர்த்தாள். தட்டு அழுக்காக இருக்குமென்று அருவருக்கிறாள் என நினைத்துக்கொண்டு நான் சொன்னேன்:

"நல்லா கழுவிட்டுத்தான் ஊத்துனேன்க்கா."