முன்வரிசையில் இருந்தவளுக்கு ஓர் அகவணக்கம்

மொன்றியலில் எனக்கு உறவென்று நாற்பது பேருக்கு மேல் இருக்கிறார்கள். சிநேகிதி என்று சொல்ல ஒருத்திதான். உறவுக்காரர் யாரையும் நான் தெரிந்தெடுக்கவில்லை, வந்து வாய்த்தார்கள். இவளை நானாகத் தெரிந்தெடுத்தேன். ஆகவே எங்கள் தமிழ்ச் சங்கத்தின் பொங்கல் விழாவுக்கு அவளைக் கூட்டிக்கொண்டு போனதும், அங்கே நடந்த கூத்தும், அதற்குப் பிறகு அவள் பத்து நாள் என் முகத்தைப் பாராமல் இருந்ததும் எனக்குச் சின்ன விஷயமல்ல.

நகரின் கோட்-டெ-நெய்ஜ் பகுதியில் ஓர் ஆஸ்பத்திரியில் வேலை செய்கிறேன். நோயாளிகளைச் சில்லு வைத்த கட்டிலில் படுக்கவைத்து எக்ஸ்ரே பகுதிக்குத் தள்ளிக்கொண்டு போவதும் திரும்பத் தள்ளிக்கொண்டு வருவதும் என் வேலை. அவள் அங்கே மேசையில் இருந்து பெயர், பிறந்த தேதி, கையில் கட்டிய பட்டி எல்லாவற்றையும் சரிபார்ப்பவள். ஒன்பது வருடமாக நான் ஆட்களைக் கொண்டுவர அவள் பதிந்துகொண்டிருக்கிறாள். மத்தியானச் சாப்பாடு ஒரே மேசையில். முதல் வருடம் முழுக்க நான் அவளைப் போர்த்துக்கீசக்காரி என்று நினைத்திருந்தேன். அவள் என்னைக் கயானாக்காரி என்று நினைத்திருந்தாள். மரியாதை காரணமாக இருவருமே கேட்கவில்லை.

கடைசியில் நான்தான் கேட்டேன். எங்களுக்குள் பேச்சு ஆங்கிலத்தில்.

"நீ எந்த நாடு?"

"இதுதான்."

"அது சரி. அதற்கு முன்பு?"

"இதுதான்."

"உன் தகப்பன், தகப்பனின் தகப்பன்?"

அவள் கரண்டியை வைத்துவிட்டு விரலால் மேசையைத் தட்டிக் காட்டினாள். மேசை ஆஸ்பத்திரியுடையது. அவள் சொன்னது அதற்குக் கீழே இருந்த நிலத்தை. அவள் மோஹாக் என்ற பூர்வகுடி இனத்தவள். ஆற்றின் அந்தப் பக்கம், பாலத்தைத் தாண்டினால் வரும் கானவாகே அவளுடைய ஊர்.

எனக்கு இந்த நாட்டுக்கு வந்த தேதி தெரியும், மணியும் தெரியும். கொழும்பு, மொஸ்கோ, பெயர் தெரியாத ஒரு பனிக்காடு, அதன் பிறகு வேறொருத்தியின் கடவுச்சீட்டு என்று வந்த வழியையும் மனப்பாடமாக ஒப்பிப்பேன், ஏனென்றால் அகதி விசாரணையில் அதை மூன்று தரம் சொல்லியிருக்கிறேன். எனக்குத் தெரிந்த எல்லோருக்கும் அப்படி ஒரு தேதியும் ஒரு வழியும் உண்டு. வந்த தேதியே இல்லாத ஒரு மனுஷியை நான் அதுவரை சந்தித்ததில்லை.

இந்த நாட்டில் இப்போது எந்தக் கூட்டம் தொடங்கினாலும் முதலில் ஒரு வாசகம் படிக்கிறார்கள். நாம் கூடியிருக்கும் இந்த இடம் இன்ன பூர்வகுடி மக்களின் நிலம் என்று. படித்து முடித்ததும் எல்லோரும் அந்த நிலத்திலேயே வசதியாக உட்கார்ந்து கூட்டத்தை நடத்துவார்கள். எங்கள் சங்கம் நகரசபையின் உதவியோடு விழா வைப்பதால் அந்தக் கடமை எங்களுக்கும் வந்து சேர்ந்தது. கொமிற்றியில் எனக்குத்தான் மோஹாக் சிநேகிதி இருக்கிறாள் என்று, வாசகம் எழுதும் வேலையை என் தலையில் கட்டினார்கள்.

நூலகத்தில் இரண்டு புத்தகம் எடுத்தேன். கடல் வற்றிக் கிடந்த காலத்தில் சைபீரியாவிலிருந்து அலாஸ்காவுக்கு நிலம் தொடர்ச்சியாக இருந்தது, மனிதர்கள் அதன் வழியாக நடந்துதான் இந்தக் கண்டத்துக்கு வந்தார்கள் என்றது ஒன்று. நடுவிலே பனிக்கட்டி மறித்திருந்தது, எப்படி நடப்பது, கரையோரமாகப் படகில் வந்தார்கள் என்றது மற்றது. மொன்றியல் இருக்கும் இடம் முதலில் பனிக்கட்டிக்கு அடியிலும் பிறகு கடலுக்கு அடியிலும் கிடந்தது என்பதில் மட்டும் இரண்டுக்கும் ஒற்றுமை. ஜனவரியில் பஸ்ஸுக்கு நின்றவர்களுக்கு அதை நம்புவதில் சிரமமில்லை.

"எது சரி?" என்று அவளிடம் கேட்டேன்.

"வானத்திலிருந்து ஒரு பெண் விழுந்தாள், அவளுக்காக ஆமையின் முதுகில் நிலம் உண்டானது என்பாள் என் மாமி. நாங்கள் நடந்து வந்தோம் என்கிறார்கள் புத்தகக்காரர்கள். எதுவானாலும் எனக்கு மூன்று மணிக்குத்தான் வேலை முடிகிறது," என்றாள். பிறகு, "ஆனால் நாங்கள் நடந்து வந்த கதையைக் கேட்டதும் சில பேருக்கு ஒரு சந்தோஷம் வரும், பார்த்திருக்கிறேன். அப்படியானால் நீங்களும் வந்தவர்கள், நாங்களும் வந்தவர்கள், கணக்குச் சரி என்று எழும்பிப் போய்விடுவார்கள்," என்றாள்.

அந்தச் சந்தோஷம் எனக்குத் தெரியாததல்ல. யார் முதலில் வந்தது என்ற கேள்வி எங்கள் தீவில் சரித்திரப் பாடத்தில் தொடங்கிச் சுடுகாட்டில் முடிந்தது. அதை அவளுக்குச் சொல்லியிருக்கிறேன். அதற்கு மேல் எங்கள் யுத்தத்தைப் பற்றி அவளிடம் நான் பேசியதில்லை. சாப்பாட்டுக்கு இருப்பது அரை மணித்தியாலம்.

விழாவுக்கு வா என்றேன். முதலில் மறுத்துவிட்டாள். எந்தக் கூட்டத்துக்குக் கூப்பிட்டாலும் அவளை மேடையில் ஏற்றிக் கண்கலங்கிப் பார்ப்பார்களாம், பிறகு ஒரு பேனா கொடுத்து அனுப்புவார்களாம். "என்னைக் காட்டி யாரும் பேசக் கூடாது. அதைவிட முக்கியம், நாங்கள் நூதனசாலையில் இருப்பவர்கள் மாதிரி, இருந்தார்கள், வாழ்ந்தார்கள் என்று பேசக் கூடாது. சம்மதமென்றால் வருகிறேன், சாப்பிட," என்றாள். சம்மதம் என்று கையடித்துக் கொடுத்தேன்.

நான் எழுதிய வாசகம் நான்கு வரி. கடைசி வரி இது: "அவர்கள் இன்றும் பாலத்துக்கு அப்பால், எங்கள் அயலவர்களாக வாழ்கிறார்கள்." அந்த வரி எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

சங்கத் தலைவர் ஊரில் பூகோளம் படிப்பித்தவர். இங்கே வந்து டோர்வல் விமான நிலையத்தில் இருபது வருடம் பெட்டி ஏற்றி இறக்கிவிட்டு ஓய்வுபெற்றவர். இன்றும் எல்லோருக்கும் அவர் மாஸ்டர்தான்.

"நல்லா எழுதியிருக்கிறாய் பிள்ளை," என்றார். "ஆனா முக்கியமான ஒரு விசயத்தை விட்டுட்டாய்."

"என்ன மாஸ்டர்?"

"எங்கட ஆக்கள் அந்தக் காலத்திலயே கப்பலில வந்து இவையோட கலந்திருக்கினம். முகவெட்டைப் பார், அச்சொட்டா எங்கட முகம்."

"மாஸ்டர், என்ர முகத்தைப் பாத்து அவள் கயானா எண்டெல்லோ நினைச்சவள்."

"ஓம், கயானாவிலயும் எங்கட ஆக்கள்தானே," என்றார்.

வாசகத்திலிருந்து அந்தக் கப்பலை இறக்கவைக்க எனக்கு ஒரு கிழமை எடுத்தது. கடைசியில், நேரம் போதாது, நாலு வரியை மூன்றாக்கினால் கப்பலைக் கைவிடுகிறேன் என்றார். நான் கடைசி வரியைக் கொடுத்தேன். மூன்றாவது வரியை மாஸ்டர் தன் கையால் மெருகேற்றினார்: "இம்மண்ணை நேசித்து வாழ்ந்த பூர்வகுடி மக்களை நன்றியுடன் நினைவுகூருகின்றோம்." படித்துப் பார்த்தேன். எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும். கப்பல் போன நிம்மதியில் தலையாட்டிவிட்டேன்.

இங்கே எங்கள் வழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். ஈழத்தமிழர் கூடுகிற எந்த விழாவிலும், அது பொங்கலாக இருந்தாலும் பழைய மாணவர் ஒன்றுகூடலாக இருந்தாலும், தொடக்கத்தில் யுத்தத்தில் இறந்தவர்களுக்காக ஒரு நிமிடம் எழுந்து தலை குனிந்து நிற்போம். அதற்குப் பெயர் அகவணக்கம். எங்கள் அறிவிப்பாளர் அண்ணை இருபத்தைந்து வருடமாக அதை அறிவிக்கிறவர். நினைவுகூருகின்றோம் என்ற சொல் காதில் விழுந்தால் மிச்சம் தானாக அவர் வாயில் வந்துவிடும். முழங்கால் நோவுள்ளவர்கள் அடிக்கடி எழும்பக் கூடாது என்று, வாசகத்தையும் அகவணக்கத்தையும் நிகழ்ச்சி நிரலில் பக்கத்தில் பக்கத்தில் வேறு வைத்திருந்தோம்.

ஒரு தேவாலயத்தின் கீழ்த்தளத்து மண்டபம். அவள் சிவப்புச் சால்வை போட்டு, சோளமாவும் அவரை விதையும் சேர்த்து அவித்த ரொட்டியை ஒரு தகரப் பெட்டியில் கொண்டு வந்திருந்தாள். பின்னால் இருக்கிறோம் என்று எவ்வளவோ சொல்லியும், விருந்தாளி என்று முன்வரிசையில் இருத்தினார்கள். விளக்கேற்றினார்கள், தேவாரம் பாடினார்கள். மாஸ்டர் தமிழிலும் ஆங்கிலத்திலும் மூன்று வரியைப் படித்தார். நினைவுகூருகின்றோம் என்று அவர் முடித்ததும் அறிவிப்பாளர் அண்ணை ஒலிவாங்கியை எடுத்தார்.

"அனைவரும் எழுந்து நின்று ஒரு நிமிட அகவணக்கம் செலுத்துமாறு அன்போடு வேண்டிக்கொள்கிறோம்."

மண்டபம் முழுக்க எழும்பிவிட்டது. கதிரைகள் உரசிய சத்தம் அடங்கியது. எல்லோரும் நிற்பதால் அவளும் நின்றாள். தலையைச் சாய்த்து என் காதுக்குள் கேட்டாள்.

"யார் செத்தது?"

பொய் சொல்ல நினைத்தேன். வரவில்லை.

"நீங்கள்தான்," என்றேன்.

அவளுடைய தோள்கள் குலுங்கத் தொடங்கின. சிரிக்கிறாள் என்று எனக்குத் தெரிந்தது. பின்வரிசை அன்ரிக்குத் தெரியவில்லை. அவர் எட்டி அவள் முதுகைத் தடவி, "அழாதேங்கோ பிள்ளை, எங்களுக்கும் இதுதானே நடந்தது," என்று கைக்குட்டையை நீட்டினார். அவள் அதை வாங்கி வாயைப் பொத்திக்கொண்டாள். அன்ரிக்கும் கண் நிறைந்துவிட்டது.

எல்லோரும் திரும்பக் கதிரையில் இருந்தோம். அறிவிப்பாளர் அண்ணை கையிலிருந்த தாளைப் பார்த்தார். அதில் அடுத்தது அகவணக்கம் என்று இருந்தது. ஒரு கணம் தடுமாறினார், பிறகு மறுபடி எழும்பச் சொன்னார். முழங்கால்கள் முறுமுறுத்தன.

"இப்போது யார்?" என்றாள்.

"இது எங்கள் ஆட்கள்."

"உண்மையாகவே செத்தவர்களா?"

"உண்மையாகவே."

கைக்குட்டையை மடித்தாள். அந்த நிமிடம் முழுவதும் அசையாமல் நின்றாள். நடனம் தொடங்கியதும் சால்வையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டாள். நான் ஜக்கெட்டும் இல்லாமல் பின்னால் ஓடினேன். வாகனத் தரிப்பிடத்தில் அவள் காரின் பனியைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். சிரிப்பு முகத்தில் இல்லை.

"பள்ளிக்கூடத்தில் ஆசிரியை எங்களைப் பற்றிப் படிப்பிப்பாள்," என்றாள். "இருந்தார்கள், வேட்டையாடினார்கள், நீண்ட மரவீடுகளில் வாழ்ந்தார்கள் என்று. நான் மூன்றாவது மேசையில் இருப்பேன். கையை உயர்த்துவேன். கேள்வி கேட்கக் கடைசியில் நேரம் தருகிறேன் என்பாள். உன்னிடம் நான் ஒன்றே ஒன்றுதான் கேட்டேன்."

அந்தக் கடைசி வரியை வெட்டியது நான்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். கார் போய்விட்டது. என்னுடைய ஒரே சிநேகிதி சாப்பிடாமல் போனாள். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை.

உள்ளே வந்து மாஸ்டரைச் சமையலறைப் பக்கம் பிடித்தேன். அவர் பொங்கல் கோப்பையோடு நின்றிருந்தார்.

"உயிரோட இருக்கிற மனுசிக்கு அகவணக்கம் செய்திருக்கிறியள் மாஸ்டர். வெக்கமா இல்லையோ?"

"ஒரு நிமிசம் எழும்பி நிண்டது குற்றமே பிள்ளை? மரியாதைதானே குடுத்தனாங்கள்."

"அது செத்தவைக்குக் குடுக்கிற மரியாதை!"

மாஸ்டர் கோப்பையைக் கீழே வைத்தார். குரல் இறங்கியிருந்தது. "எங்களிட்ட வேற என்ன மரியாதை மிஞ்சியிருக்கு? உயிரோட இருக்கிற ஒருத்தருக்கு எண்டு நாங்கள் எல்லாரும் ஒண்டா எழும்பி நிண்டது கடைசியா எப்ப? சொல்லு பாப்பம்."

யோசித்துப் பார்த்தேன். எனக்கு ஒன்றும் நினைவுக்கு வரவில்லை.

அதற்குப் பிறகு பத்து நாள் அவள் வேறு மேசையில் சாப்பிட்டாள். நான் கட்டிலைத் தள்ளிக்கொண்டு போவேன். அவள் நோயாளியின் பட்டியைப் பார்ப்பாள், என்னைப் பார்க்க மாட்டாள். ரொட்டிப் பெட்டியைக் கழுவி, முறுக்குப் போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தேன். நன்றி என்று பிரெஞ்சில் சொன்னாள். எங்களுக்குள் பிரெஞ்சு வந்ததேயில்லை. அன்று பின்னேரம் மெட்ரோவில் இடம் இருந்தும் நின்றுகொண்டே வந்தேன்.

பதினோராம் நாள் கேட்காமலே அவள் மேசையில் போய் இருந்தேன். கடைசி வரி ஒன்று இருந்தது, அதில் நீங்கள் உயிரோடு இருந்தீர்கள், கப்பலுக்காக அதை விற்றது நான் என்றேன். கப்பல் கதையையும் சொன்னேன். அவள் வாய் ஓரம் கொஞ்சம் அசைந்தது. பிறகு மாஸ்டர் சமையலறையில் சொன்னதையும் அப்படியே சொன்னேன்.

அவள் சூப்பை ஒரு தரம் கலக்கினாள்.

"அந்த இரண்டாவது நிமிடம்," என்றாள். "அதில் நீ யாருக்காக நின்றாய்?"

"என் தம்பிக்கு. இருபத்திரண்டு வயது."

ஒன்பது வருடத்தில் அதை நான் அவளுக்குச் சொல்லியிருக்கவில்லை. கேட்பது எங்கள் ஆட்கள் என்றால் அடுத்து எந்த இடம் என்பார்கள், எந்த வருடம் என்பார்கள், உடல் கிடைத்ததா என்பார்கள். அதற்கெல்லாம் பதிலைத் தயாராக வைத்துக்கொண்டு இருந்தேன்.

"பெயர் என்ன?" என்றாள்.

சொன்னேன். அவள் திருப்பிச் சொன்னாள், பிழையாக வந்தது. இன்னொரு தரம் சொல்லச் சொன்னாள். அதுவும் சரிவரவில்லை. கரண்டியை வைத்துவிட்டு என் வாயைப் பார்த்தபடி மூன்றாம் தரம் சொன்னாள், சரியாக வந்தது. எங்கள் வீட்டில் அவன் கணவருக்கு மச்சான், பிள்ளைகளுக்கு மாமா, எனக்குத் தம்பி. அவன் பெயரை இன்னொருவர் வாயால் கேட்டுப் பதினைந்து வருடமாகியிருந்தது.